வாழைப்பழத்தை எழுதியவர் யார்?

வணக்கம் நேயர்களே. கோலாலம்பூர் கூட்டரசு நெடுஞ்சாலை நெரிசலில் நகராமல் நிற்பவர்களுக்குத் தனி வணக்கம். இந்த வானொலி உரையைக் கடைசிவரை கேட்க உங்களுக்குத்தான் நேரம் இருக்கிறது.

ஒரு கேள்வி. 'கரகாட்டக்காரன்' வாழைப்பழக் காட்சியில் நடித்தவர்கள் யார்? கவுண்டமணி, செந்தில் என்று பத்து வயதுப் பிள்ளைகூடச் சொல்லிவிடும். எழுதியவர் யார்? காரில் இருப்பவர்கள் பக்கத்து இருக்கையைப் பார்க்கிறீர்கள், தெரியும். ஏ. வீரப்பன். அவரும் நகைச்சுவை நடிகர்தான். 'வைதேகி காத்திருந்தாள்' படத்தின் பெட்ரோமாக்ஸ் விளக்குக் காட்சியும் அவர் எழுதியதே. சிரிக்க வைத்தவனை நினைவில் வைத்துக்கொண்டு எழுதியவனை மறந்துவிடுவது நம் பழக்கம். முப்பது நிமிடம் கொடுத்தாலும் இதைத்தான் பேசுவேன். கொடுத்திருப்பதோ ஐந்து நிமிடம்.

அந்தக் காட்சியில் வேடிக்கையான வசனம் என்று தனியாக எடுத்துக் காட்ட ஒன்றும் இல்லை, கவனித்தீர்களா? இரண்டு பழம் வாங்கக் காசு கொடுக்கிறார் ஒருவர். இன்னொருவர் ஒன்றைத் தின்றுவிட்டு மற்றொன்றைக் கொண்டுவந்து நீட்டுகிறார். கேட்பவரின் குரல் ஏறிக்கொண்டே போகிறது. பதில் மட்டும் மாறவே இல்லை. பதில் சொல்பவருக்குத் தன் கணக்கில் சந்தேகமே கிடையாது. அதை எழுத்தில் தீர்மானித்தவர் வீரப்பன்.

'கரகாட்டக்காரன்' வந்த அதே 1989இல் 'அபூர்வ சகோதரர்கள்' வந்தது. வசனம் கிரேஸி மோகன். கிண்டியில் இயந்திரப் பொறியியல் படித்தவர், மேடை நாடகத்திலிருந்து வந்தவர். வீரப்பன் எழுதியது கதைக்குப் பக்கத்தில் ஓடும் தனி நகைச்சுவை. மோகன் கதைக்குள்ளேயே புகுந்துவிடுவார். மறு வருடம் 'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் கல்யாணச் சமையலில் மீன் விழுகிறதே, அதை வெட்டினால் கதையே நொண்டும். எனக்கு இந்த வழிதான் பிடிக்கும். ஆனால் பிழைப்புக்கு நான் எழுதியதெல்லாம் வீரப்பன் வழி. விளம்பர இடைவேளைக்கு முன்னால் ஒரு சிரிப்பு, பின்னால் ஒரு சிரிப்பு.

நம் ஊர்த் தொலைக்காட்சிக்கு ஒரு காட்சி எழுதினேன். மாமாக் கடை, அதாவது இந்திய முஸ்லிம் சாப்பாட்டுக் கடை. இரண்டு பெரியவர்கள், இரண்டு தே தாரிக், நுரை பொங்க இழுத்து ஆற்றிய பால் தேநீர். கணக்கு வந்ததும் "நான் கொடுக்கிறேன்", "சும்மா இருங்கள், நான்தான் கொடுப்பேன்" என்று ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொள்கிறார்கள். இருவர் கையும் பணப்பைக்குப் போகவில்லை. கடைக்காரப் பையன் நின்று பார்க்கிறான். கையிலிருந்த துணியால் மேசையைத் துடைக்கிறான். மறுபடியும் பார்க்கிறான். சிரிப்பு எங்கே? அந்தத் துடைப்பில். பெரியவர்கள் பேசாமல் அவனைப் பார்க்கும் நேரத்தில்.

தயாரிப்பு நிறுவனத்தார், பெயர் வேண்டாம், "காட்சி இழுக்கிறது" என்று துடைப்பதை வெட்டிவிட்டார்கள். ஒளிபரப்பில் இரண்டு பேர் கத்தினார்கள், பையன் காசு வாங்கிக்கொண்டு போனான். வீட்டில் யாரும் சிரிக்கவில்லை. என் அத்தை மட்டும், "பாவம், நல்ல மனிதர்கள்" என்றார். வசனம் ஒரு வார்த்தைகூடக் குறையவில்லை, நேயர்களே! போனது மௌனம். தாளில் "துடைக்கிறான்" என்று ஒற்றை வார்த்தையாக இருந்ததால் அதை எழுத்து என்றே யாரும் நினைக்கவில்லை.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் வானொலித் தயாரிப்பாளர் முடிக்கச் சொல்லி விரலைச் சுழற்றுகிறார். ஊதியம், ஒப்பந்தம், திரையில் பெயர் போடும் அளவு எல்லாம் குறித்து வைத்திருந்தேன், போகட்டும். எழுத வரும் இளையோருக்கு அவசரமாக இரண்டு. எழுதியதை நடிகரிடம் கொடுக்கும் முன் உரக்கப் படித்துப் பாருங்கள். மூச்சு முட்டும் இடத்தில் வசனத்தை ஒடியுங்கள். இன்னொன்று, சிரிப்பு வார்த்தை வரியின் கடைசியில் வரட்டும், நடுவில் வந்தால் மீதியை யாரும் கேட்க மாட்டா... சரி, சரி, முடித்துவிட்டேன். வணக்கம்.