ஆள் போன பிறகு அறையில் இருப்பது

நேயர்களுக்கு வணக்கம்.

கதை ஒன்றுக்காகச் சில வருடங்களாக ஒரு கற்பனை நாட்டை எழுதிக்கொண்டிருக்கிறேன். மலை, ஆறு, அரசன், மந்திரம் எல்லாம் சுலபமாக வந்துவிட்டன. இடித்தது அறம்தான். அந்த நாட்டு மக்களுக்குக் கண்ணை விட மூக்கு கூர்மை. சரி, மூக்கால் உலகத்தை அறிகிறவர்களுக்கு நல்லது கெட்டது எப்படிப் புலப்படும்?

முதலில் நான் எழுதியது சுத்த அபத்தம். நல்லவன் மணப்பான், கெட்டவன் நாறுவான், பொய் சொன்னால் புளித்த வாடை வரும். பத்துப் பக்கத்தில் எனக்கே சலித்துவிட்டது. அப்படி ஓர் ஊரில் திருடனைப் பிடிக்க ஒரு மூச்சு போதும். யோசிக்க என்ன இருக்கிறது? அதைவிட மோசம், ஒரு கூட்டத்தை ஒதுக்கிவைக்க நினைத்தவர்கள் காலங்காலமாகச் சொல்லிவந்தது 'அவர்கள் மேல் வாடை அடிக்கிறது' என்பதைத்தான். அந்தப் பழைய விஷத்துக்கே நான் தத்துவம் என்று பெயர் சூட்டிக்கொண்டிருந்தேன். கிழித்துப் போட்டேன்.

அப்புறம்தான் மோப்பத்தைப் பற்றிப் படிக்க ஆரம்பித்தேன். ஜெர்மானியத் தத்துவஞானி காண்ட், 1798-இல் வெளிவந்த நூல் ஒன்றில், புலன்களிலேயே இல்லாமல் சமாளிக்கக்கூடியது மோப்பம்தான் என்கிற பொருளில் எழுதியிருக்கிறார். அவர் சொல்லும் குறை சுவாரசியமானது. வாசனை வந்தால் பக்கத்தில் இருப்பவர் விரும்பினாலும் விரும்பாவிட்டாலும் முகர்ந்தே தீர வேண்டும். ஆகவே அது சுதந்திரத்துக்கு எதிரானது. படித்ததும் எனக்கு மூக்கு வியர்த்தது. அவர் குறையாகக் கண்டதே என் மக்களுக்கு அடித்தளம் ஆயிற்று. யார் எதைச் செய்தாலும் அது செய்தவரோடு நிற்காது, அடுத்தவர் மூச்சில் கலந்துவிடும். அவர்கள் மொழியில் 'செயல்' என்று தனிச் சொல் கிடையாது. 'ஆள் போன பிறகு அறையில் இருப்பது' என்பதுதான் அவர்கள் சொல்லும் முறை.

இன்னொன்று, நம் எல்லோருக்கும் தெரிந்தது. எந்த வாசனையும் சிறிது நேரத்தில் நமக்குத் தெரியாமல் போய்விடுகிறது. வாசனை அங்கேயேதான் இருக்கும், மூக்கு பழகிவிடும். நம் உடம்பின் வாடை, நம் வீட்டு வாடை நமக்குத் தெரியாததும் இதனால்தான். என் மக்களின் அறம் முழுக்க இந்த ஒரு சங்கடத்தின் மேல் நிற்கிறது. தன்னைத் தானே முகர்ந்து பார்த்துத் தீர்ப்புச் சொல்ல யாராலும் முடியாது. மனசாட்சி என்று நாம் சொல்வது அவர்களுக்கு உள்ளே இல்லை, பக்கத்து வீட்டில் இருக்கிறது.

ஒரு வழக்கைச் சொல்கிறேன். தாயைக் கடைசிவரை பார்த்துக்கொண்டவன் நானே என்கிறான் மூத்த மகன். சாட்சிகளைக் கூப்பிடவில்லை. அவள் போர்த்தியிருந்த கம்பளியைக் கொண்டுவந்து ஒரு காலி அறையில் விரிக்கிறார்கள். விசாரிக்க வந்த கிழவி வேற்றூர்க்காரி, ஏனென்றால் உள்ளூர் மூக்கு ஏற்கெனவே பழகியிருக்கும். அவளும் அறைக்குள் உட்காருவதில்லை. வாசலுக்கு வெளியே உட்கார்ந்திருக்கிறாள். உள்ளே போய் ஒரு மூச்சு, திரும்ப வெளியே. கம்பளியின் ஓரத்தில் விளக்குப் புகை, மருந்து எண்ணெய், துவைக்காத வியர்வை. எல்லாவற்றுக்கும் மேலே, முந்தின நாள் ராத்திரி தெளித்த பூந்தைலம். தைலத்தை ஏன் தெளித்தாய் என்று கிழவி கேட்கவில்லை. "இந்த வாடை உனக்குத் தெரியாமல் போக எத்தனை நாள் ஆயிற்று?" என்றுதான் கேட்கிறாள். அவன் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "நாலு நாள்" என்கிறான். வாடை தெரிந்தும் கம்பளியைத் துவைக்காமல் விட்ட அந்த நாலு நாள்தான் அவர்கள் சட்டத்தில் குற்றம். தைலம் வெறும் அசட்டுத்தனம்.

அந்த விசாரணையில் ஒரு கண்டிப்பு உண்டு. முகர்ந்து முடிக்கும்வரை அது என்ன வாடை என்று எவரும் பெயர் சொல்லக் கூடாது. சொன்னால் லஞ்சம் கொடுத்ததற்குச் சமம். இது என் சொந்தச் சரக்கு இல்லை. 2001-இல் வெளியான ஓர் ஆய்வில், ஒரே அமிலக் கலவையைப் பாலாடைக்கட்டி என்று சொல்லி நீட்டியபோது பிடித்திருக்கிறது என்றவர்கள், வாந்தி என்று சொல்லி நீட்டியபோது முகம் சுளித்தார்கள். மூக்குக்கு முன்னால் காது தீர்ப்பை எழுதிவிடுகிறது.

பெயர் என்றதும் மொழிக்கு வந்தாக வேண்டும். மலாய் தீபகற்பத்தில் வாழும் ஜஹாய் மக்களுக்கு வாசனைக்கென்றே தனிச் சொற்கள் பல இருப்பதை 2014-இல் வந்த ஆய்வு ஒன்று காட்டியது. புலியை ஈர்க்கும் இரத்த வாடைக்கு மட்டும் ஒரு சொல் வைத்திருக்கிறார்கள். நாமும் ஏழைகள் இல்லை: நெடி, வீச்சம், முடை, கவிச்சி, ஊசல். ஆனால் நாற்றம் என்ற சொல்லைப் பாருங்கள். ஒரு காலத்தில் பூவின் மணத்தைச் சொன்ன சொல், இன்று வசவு. என் மக்கள் அப்படிச் சொல்லைக் கெட விடமாட்டார்கள் என்று எழுதத்தான் ஆசை. ஆனால் நம்பும்படி இருக்காதே, அதனால் அவர்களுக்கும் ஒரு சொல்லைக் கெடுத்துவைத்தேன்.

இப்போது என்னை மாட்டிவைத்திருப்பது ஒரு சிறுமி. பிறவியிலேயே மோப்பம் இல்லாதவள். நம்மிடையேயும் அப்படிச் சிலர் பிறக்கிறார்கள். அவளை ஓரமாக உட்கார வைத்துவிடலாம் என்றுதான் முதலில் நினைத்தேன். அவள் உட்காரவில்லை. கம்பளி வழக்கன்று வாசலில் கிழவிக்குப் பக்கத்தில் வந்து நின்றுகொண்டு, "பாட்டி, உள்ளே என்ன வாசம் வருகிறது?" என்று கேட்டுவிட்டாள். அந்த ஊரில் இதுவரை யாரும் கேட்காத கேள்வி. எல்லோருக்கும்தான் தெரியுமே! கிழவி வாயைத் திறக்கிறாள். அம்மாவின் வியர்வையை, நாலு நாளை, மூக்கே இல்லாத ஒரு குழந்தைக்கு எந்தச் சொல்லால் சொல்வாள்? மூன்று வாரமாக அந்தப் பக்கம் என் மேசையில் அப்படியே கிடக்கிறது. கிழவி திறந்த வாயை இன்னும் மூடவில்லை.

வணக்கம்.