அச்சாணிக்கும் பெயர் உண்டு

(எங்கள் ஊர்த் திரைப்படச் சங்கத்தின் மாதக் கூட்டத்தில் பேசியது)

தலைமை ஏற்றிருக்கும் பேராசிரியர் அய்யா அவர்களே, வேலைப் பளுவுக்கு நடுவிலும் வந்திருக்கும் மாவட்ட நூலக அலுவலர் அம்மையார் அவர்களே, கேட்ட மாத்திரத்தில் இந்த அரங்கை வாடகையில்லாமல் தந்த வணிகர் சங்கத் தலைவர் அவர்களே, ஓடியாடி ஏற்பாடு செய்த செயலாளர் தம்பி அவர்களே, பெரியோர்களே, தாய்மார்களே, அனைவருக்கும் மாலை வணக்கம்.

‘அச்சாணி இல்லாத தேர் முச்சாணும் ஓடாது’ என்பார்கள். எந்த மேடை ஏறினாலும் நான் சொல்லும் பழமொழி இது. ஹாலிவுட் தேருக்கு அப்படி ஓர் அச்சாணியாக இருந்தவர் துணை நடிகை தெல்மா ரிட்டர். அவருடைய நாடகம், சினிமா, ஆஸ்கர் கணக்கு மூன்றையும் பேசுகிறேன்.

1902இல் நியூயார்க் புரூக்ளினில் பிறந்தவர். முறையாக நடிப்புப் படித்தார், நாடகங்களில் நடித்தார். கல்யாணமாகி, பிள்ளைகளை வளர்க்க மேடையை விட்டு ஒதுங்கினார். அப்புறம் வானொலி. சினிமாவுக்கு வந்தபோது வயது 45.

அந்த முதல் படக் காட்சியை நான் சொல்லியே ஆக வேண்டும். ‘மிராக்கிள் ஆன் 34த் ஸ்ட்ரீட்’, 1947. மேசீஸ் என்ற பெரிய கடை. கிறிஸ்துமஸ் தாத்தாவிடம் ஒரு பையன் தீயணைப்பு வண்டி பொம்மை கேட்கிறான். ‘கிடைக்கும்’ என்று வாக்குக் கொடுத்துவிடுகிறார் அவர். அம்மாவுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வருகிறது. ஊரெல்லாம் அலைந்து கால் வலியோடு நிற்கிறாள். கிடைக்காத சாமானைக் குழந்தையிடம் ஏன் ஒத்துக்கொண்டீர் என்று பிடித்துக்கொள்கிறாள். தாத்தா நிதானமாக, லெக்சிங்டன் அவென்யூவில் இன்னொரு கடையில் இருக்கிறது, எட்டரை டாலர்தான் என்கிறார். தன் கடையில் உட்கார்ந்துகொண்டு அடுத்த கடைக்கு வழி சொல்கிறார்! அந்த அம்மா மேலாளரைத் தேடிப் போய், இனிமேல் நான் உங்கள் கடைக்குத்தான் வருவேன் என்கிறாள். படத்தின் கதையே அங்கேதான் திரும்புகிறது. அந்த அம்மாதான் ரிட்டர். ஃபாக்ஸ் படநிறுவனத்தின் தயாரிப்புத் தலைவர் ஜானக் அசந்துபோய் அவரை ஒப்பந்தம் செய்தார். ஆனால், பெரியோர்களே, படத்தின் பெயர்ப் பட்டியலில் அவர் பெயர் இல்லை.

‘ஆல் அபவுட் ஈவ்’ படத்தில், ரசிகை என்று சொல்லி ஒரு பெரிய நடிகையிடம் வந்து ஒட்டிக்கொள்ளும் ஈவ் மீது முதலில் சந்தேகப்படும் உதவியாளர் பேர்டி அவர்தான். ‘ரியர் விண்டோ’வில் காலொடிந்த நாயகனுக்கு உடம்பு பிடித்துவிடும் நர்ஸ் ஸ்டெல்லாவும் அவர்தான். சிறந்த துணை நடிகைக்கு ஆறு முறை ஆஸ்கர் பரிந்துரை, அதில் 1950 முதல் 1953 வரையிலான படங்களுக்கு வரிசையாக நான்கு. ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. 1958இல் நாடகத்துக்கு டோனி விருது கிடைத்தது.

‘பிக்கப் ஆன் சவுத் ஸ்ட்ரீட்’ படத்தைப் பாருங்கள். மோ என்ற கிழவி. டை விற்கிறாள், போலீசுக்குத் துப்புச் சொல்லிக் காசு வாங்குகிறாள். அந்தக் காசெல்லாம் எதற்கு? சொந்தமாக ஒரு கல்லறை வாங்க. அநாதைப் பிணங்களைப் புதைக்கும் பொதுக் குழியில் தன்னைப் போட்டுவிடக் கூடாது என்பதுதான் அவள் பயம். கொல்ல வந்தவன் எதிரில் நிற்கும்போது, களைத்துப்போன குரலில், வாழ்ந்தது போதும் என்கிற மாதிரி பேசுவார் ரிட்டர். நான் அந்தக் காட்சியைப் பார்த்த பிறகு வெகுநேரம் எழுந்திருக்கவில்லை.

பெயரில்லாமல் போகிற பயத்தை அப்படி நடித்தவரின் முதல் படத்திலேயே அவர் பெயர் இல்லை. இன்று நம் தொலைக்காட்சிகள் செய்வது என்ன? படம் முடிந்த நொடியில் பெயர்ப் பட்டியலை வெட்டி விளம்பரம் போடுகிறார்கள். அம்மாவாக, பக்கத்து வீட்டுக்காரியாக, வேலைக்காரியாக நடித்தவர்கள் யார் என்று பிள்ளைகளுக்கு எப்படித் தெரியும்? அச்சாணி இல்லாத தேர் முச்சாணும் ஓடாது, அய்யா!

நாடகத்தைப் பற்றிப் பேச நேரமில்லை, தலைவர் கடிகாரம் பார்க்கிறார். பெயர்ப் பட்டியலை முழுதாக ஒளிபரப்பக் கோரும் மனு வாசல் மேசையில் இருக்கிறது. நூலக அலுவலர் அம்மையார் முதல் கையெழுத்துப் போட வேண்டும். அடுத்த மாதம் முதல் நம் சங்கத்தில் படம் போடுமுன் துணை நடிகர்கள் பெயர்களை எழுந்து நின்று வாசிக்க வேண்டும் என்ற தீர்மானத்தையும் முன்மொழிகிறேன். செயலாளர் தம்பி, குறித்துக்கொள்ளுங்கள்.