வில்மா பாங்கியும் பேசும் படமும்

நேயர்களுக்கு வணக்கம். மௌனப்பட நடிகை வில்மா பாங்கியைப் பற்றிப் பேச்செடுத்தாலே, “பேசும் படம் வந்தது, அவருடைய ஹங்கேரிய உச்சரிப்பு காலை வாரிவிட்டது” என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள். அது பாதிதான் உண்மை.

1925இல் புடாபெஸ்ட்டில் அவரைப் பார்த்து ஒப்பந்தம் செய்தவர் ஹாலிவுட் தயாரிப்பாளர் சாமுவேல் கோல்ட்வின். அதே ஆண்டில் நடிகர் ரொனால்ட் கோல்மனுடன் ‘தி டார்க் ஏஞ்சல்’, நடிகர் ருடால்ப் வாலன்டினோவுடன் ‘தி ஈகிள்’ ஆகிய படங்கள் வந்தன. 1926இல் ‘தி சன் ஆஃப் தி ஷேக்’. வாலன்டினோவுக்கு அதுதான் கடைசிப் படம். கோல்மனோடு மட்டும் மொத்தம் ஐந்து படங்கள்.

ஆங்கிலம் சரளமாக வராமல் இதெல்லாம் எப்படி நடந்தது? படப்பிடிப்பில் வாயசைவு போதும். வசனம் எழுத்து அட்டையில் வரும். வேற்றுமொழி நாட்டுக்கு அனுப்பும்போது அந்த அட்டைகளை மட்டும் வெட்டி எடுத்து, உள்ளூர் மொழி அட்டைகளை ஒட்டினால் வேலை முடிந்தது.

அக்காலத்தில் பரவலாக இருந்த ஆர்த்தோகுரோமேட்டிக் பிலிமுக்குச் சிவப்பு உறைக்காது. அதில் உதட்டுச் சாயம் கருப்பாக விழும். நீலக் கண்கள் வெளிறிப்போகும். பொன்னிறக் கூந்தல்கூட மங்கிக் கறுத்துவிடும். அதனால் தலைக்குப் பின்னாலும் ஒரு விளக்கை வைத்து, கூந்தல் ஓரத்தை ஒளிர வைப்பார்கள். பாங்கியின் பல படங்களுக்கு ஒளிப்பதிவு செய்த ஜார்ஜ் பார்ன்ஸ் இந்த வேலையில் கெட்டிக்காரர். அழகு என்று நாம் சொல்வதில் பாதி அந்தப் பின்விளக்கு!

ஒலி வந்ததும் நிலைமை தலைகீழானது. கார்பன் விளக்குகள் இரைந்தன. கேமராவின் சத்தத்தை மறைக்க அதை ஒரு கூண்டுக்குள் அடைத்தார்கள். அதனால் அது நகர முடியவில்லை. ஒளித்துவைத்த மைக்கைத் தாண்டி நடிகையும் நகரக் கூடாது. இதற்கு மேல் உச்சரிப்பு. ஹங்கேரிய மொழியில் அழுத்தம் எப்போதும் சொல்லின் முதல் அசையில்தான் விழும். ஆங்கிலத்திலோ அது சொல்லுக்குச் சொல் இடம் மாறும். பயிற்சியால் ஓரளவு சரிசெய்யலாம்; ஆனால் ஒரே வீச்சில் பேசி, நடித்து, நின்ற இடத்திலேயே நிற்பது தனிக் கலை.

1929இல் வந்த ‘திஸ் இஸ் ஹெவன்’ படத்தில் சில காட்சிகளில் மட்டும் பேச்சு. பாங்கிக்கு அதில் ஹங்கேரியிலிருந்து வந்து குடியேறிய பெண் வேடம். உச்சரிப்பையே கதைக்குள் கொண்டுவந்துவிட்டார்கள். புத்திசாலித்தனம்தான், ஆனால் எத்தனை படத்துக்கு இது தாங்கும்? 1930இல் ‘எ லேடி டு லவ்’. டப்பிங் அன்று கைகூடாததால், அதே கதையை அதே இயக்குநர் விக்டர் ஷெஸ்ட்ரோம் ஜெர்மன் மொழியிலும் தனியாக எடுத்தார். ஜெர்மனியில் முன்பே நடித்திருந்த பாங்கி இரண்டிலும் நடித்தார். உடன் நடித்த எட்வர்ட் ஜி. ராபின்சனும் அப்படியே. மௌனப்படத்தில் அட்டை மாற்றினால் தீர்ந்த வேலைக்கு இப்போது இரண்டாவது படப்பிடிப்பு, இரண்டாவது செலவு.

1932இல் ஜெர்மனியில் ‘டெர் ரெபெல்’ படத்தில் நடித்ததோடு திரையை விட்டார். 1927இல் மணந்த நடிகர் ராட் லா ராக்குடன், கணவர் 1969இல் இறக்கும்வரை வாழ்ந்தார். பாங்கி காலமானது 1991இல். ‘தி டார்க் ஏஞ்சல்’ இன்று நம் கைக்கு இல்லை. ‘தி சன் ஆஃப் தி ஷேக்’ கிடைக்கிறது. பார்க்கும்போது பாங்கியின் கூந்தல் ஓரத்தைக் கவனியுங்கள். விளக்கு எங்கே நின்றது என்று நீங்களே சொல்லிவிடலாம். வணக்கம்.