மேஜைமேல் வைத்த தாள்

நேயர்களுக்கு வணக்கம்.

நம் துணிச்சலையும் குணத்தையும் உருவாக்கும் மனிதர்களைப் பற்றிப் பேசச் சொல்லி அழைத்தார்கள். இதைக் கேட்டதுமே உங்கள் மனதில் சில முகங்கள் வந்திருக்கும். எனக்கும் வந்தன. படிக்கிற காலத்தில் என் மேஜைக்கு மேலே சுவரில் ஐந்தாறு படங்கள் ஒட்டியிருந்தேன். சிறைக்குப் போனவர்கள், சிகரம் ஏறியவர்கள், உலகமே அறிந்தவர்கள். தினமும் அவர்கள் முகத்தில்தான் விழிப்பேன். அப்படியும் வகுப்பில் எழுந்து ஒரு கேள்வி கேட்கிற துணிச்சல் எனக்கு வரவில்லை. பூவோடு சேர்ந்த நாரும் மணக்கும் என்பார்கள். சேர்ந்தால்தானே? படத்தில் இருக்கிற பூ எவ்வளவு அழகாக இருந்தாலும் நாருக்கு அதனால் ஒன்றும் ஆவதில்லை.

எனக்கு மணம் ஒட்டியது வேறோர் இடத்தில்.

வேலைக்குச் சேர்ந்த முதல் வருடம். ஒரு கூட்டத்தில் மேலதிகாரி புதிய திட்டம் ஒன்றை விளக்கி முடித்தார். செலவுக் கணக்கில் பெரிய பிழை இருந்தது. அறையில் பாதிப்பேருக்கு அது தெரிந்திருக்கும் என்றுதான் நினைக்கிறேன். எனக்கும் தெரிந்தது. எல்லாரும் தலையாட்டினோம். அப்போது என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஓர் அம்மா, ஓய்வுபெற இரண்டு மூன்று வருடமே இருந்தவர், அதிகம் பேசாதவர், "ஒரு நிமிஷம் சார்" என்றார். கணக்குத் தாள் அவர் கையில் இருந்தது. அதன் ஓரம் படபடவென்று அடித்துக்கொள்ளும் சத்தம் எனக்குக் கேட்டது. அவருக்கும் கேட்டிருக்க வேண்டும். தாளை மேஜைமேல் வைத்தார். இரண்டு உள்ளங்கைகளாலும் அதை அழுத்திக்கொண்டார். அப்புறம் குனிந்து, வரிக்கு வரி நிறுத்தி, எங்கே தப்பு என்று வாசித்துக் காட்டினார். குரலும் நடுங்கத்தான் செய்தது.

அவர் சொன்னது சரி. ஆனால் அதற்காக யாரும் அவரைக் கொண்டாடவில்லை. அடுத்த சில மாதங்கள் அவருக்கு அங்கே நிம்மதியாகவும் இல்லை. அதை மறைத்துவிட்டு இந்தக் கதையைச் சொன்னால் நான் பொய் சொன்னதாக ஆகும்.

அதுவரை தைரியசாலி என்றால் பயமே இல்லாதவர் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அப்படி நினைப்பதில் ஒரு வசதி இருக்கிறது. 'அவர்கள் வேறு பிறவி, நமக்கு இதெல்லாம் வராது' என்று ஒதுங்கிக்கொள்ளலாம். கை நடுங்க நடுங்க ஒருவர் பேசியதைப் பக்கத்தில் இருந்து பார்த்துவிட்டால் அந்தச் சாக்குப் போய்விடுகிறது.

இதை உளவியலாளர்கள் சோதித்தே பார்த்திருக்கிறார்கள். நாயைக் கண்டாலே அலறும் சின்னப் பிள்ளைகளை வைத்து ஆல்பர்ட் பண்டூராவும் அவருடைய சகாக்களும் செய்த ஆய்வு 1967-இல் வெளிவந்தது. பிள்ளைகளுக்கு அவர்கள் நாய்ப் பயிற்சியாளரைக் காட்டவில்லை. நான்கு வயதுப் பையன் ஒருவனைக் காட்டினார்கள். அவன் நாள்தோறும் கொஞ்சம் கொஞ்சமாக நாயை நெருங்கி விளையாடினான். மற்றவர்கள் வேடிக்கை பார்த்தார்கள். நான்கே நாள். அப்படிப் பார்த்த பிள்ளைகளில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கினர், நாய் இருந்த தடுப்புக்குள் தாங்களும் இறங்கி அதனோடு தனியாக இருந்தார்கள். 1971-இல் டொனால்ட் மைக்கன்பாம் இன்னொன்றைக் கவனித்தார். பாம்புக்குப் பயந்தவர்களுக்கு, எடுத்த எடுப்பிலேயே பாம்பைத் தூக்கியவரைவிட, முதலில் தயங்கி, மூச்சை இழுத்துவிட்டு, தனக்குத்தானே தைரியம் சொல்லிக்கொண்டு, பிறகு தொட்டவரே அதிகம் உதவினார்.

ரோஜர் பானிஸ்டர் கதையை நீங்கள் கேட்டிருப்பீர்கள். மேடைப் பேச்சாளர்களுக்கு ரொம்பப் பிடித்த கதை. ஒரு மைல் தூரத்தை 4 நிமிடத்துக்குள் ஓட முடியாது என்று உலகம் நம்பியது, 1954 மே 6 அன்று ஆக்ஸ்ஃபோர்டில் இவர் 3 நிமிடம் 59.4 விநாடியில் ஓடினார், மனத்தடை உடைந்தது, 46 நாளில் ஜான் லாண்டி இன்னும் வேகமாக ஓடிவிட்டார். அதோடு கதையை முடித்துவிடுவார்கள். எனக்கு அந்த ஓட்டத்தில் பிடித்தவர்கள் வேறு இருவர்.

பானிஸ்டர் தனியாக ஓடவில்லை. மைலுக்கு நான்கு சுற்று. முதல் இரண்டு சுற்றும் அவருக்கு முன்னால் ஓடி வேகத்தைக் காட்டியவர் கிறிஸ் பிராஷர். பின்னாலிருந்து பானிஸ்டர் "வேகமாக!" என்று கத்தினார். பிராஷர் அதைக் காதில் போட்டுக்கொள்ளவே இல்லை. தன் கணக்குப்படியே ஓடினார். முதல் சுற்று 57.5 விநாடி. வேண்டிய வேகத்துக்கும் கூடுதல்! பானிஸ்டர் கேட்டபடி அவர் விரட்டியிருந்தால் கடைசிச் சுற்றில் இருவருக்கும் மூச்சு மிஞ்சியிருக்காது. தன்னை நம்பி ஓடுபவனே பதறும்போது பதறாமல் இருப்பது எவ்வளவு பெரிய விஷயம்! மூன்றாவது சுற்றில் கிறிஸ் சாட்டவே முன்னால் வந்தார். கடைசிச் சுற்றின் பாதி வரை அவர் இழுத்துக்கொண்டு போக, அதன் பிறகே பானிஸ்டர் அவரைத் தாண்டினார்.

சரி, 46 நாள் கழித்து ஃபின்லாந்தில் லாண்டி ஓடியபோது அவர் குதிகாலுக்குப் பின்னால் விடாமல் ஓடி வந்தவர் யார் தெரியுமா? அதே சாட்டவே. முதல் ஓட்டத்தில் முன்னால் நின்றார், இரண்டாவதில் பின்னால். இரண்டு முறையும் சாதனை இன்னொருவருக்குப் போனது. அந்த வருடமே 5000 மீட்டரில் சாட்டவே உலக சாதனை படைத்தார். பிராஷர் 1956 ஒலிம்பிக்கில் 3000 மீட்டர் தடைதாண்டும் ஓட்டத்தில் தங்கம் வாங்கினார். கூட ஓடினவர்களுக்கும் எதுவோ ஒட்டியிருக்கிறது.

இன்னொரு சோதனையையும் சொல்ல வேண்டும். மனதுக்கு அவ்வளவு இதமானது இல்லை. ஸ்டான்லி மில்கிராம் என்ற உளவியலாளர் 1960-களின் தொடக்கத்தில் செய்தது. அடுத்த அறையில் இருப்பவர் தப்பாகப் பதில் சொன்னால் அவருக்கு மின்னதிர்ச்சி கொடுக்க வேண்டும், தப்பு கூடக்கூட அதிர்ச்சியையும் கூட்ட வேண்டும் என்று உத்தரவு. உண்மையில் யாருக்கும் மின்சாரம் பாயவில்லை, எல்லாம் நடிப்பு. பொத்தானை அழுத்துபவருக்கு மட்டும் அது தெரியாது. 40 பேரில் 26 பேர் கடைசி அளவு வரை போனார்கள். பிறகு சோதனையை மாற்றி, பக்கத்தில் நடிகர்கள் இருவரை உட்காரவைத்தார். அவர்கள் நடுவிலேயே "இதற்கு மேல் செய்ய மாட்டேன்" என்று விலகிக்கொண்டார்கள். இப்போது 40 பேரில் 4 பேர்தான் கடைசி வரை போனார்கள்.

எனக்கு அதைவிட வியப்பானது அடுத்து வருவது. நிறுத்திக்கொண்டவர்களிடம் கேட்டபோது, அந்த இருவர் இல்லாவிட்டாலும் தாங்கள் நிறுத்தியிருப்போம் என்றுதான் பெரும்பாலோர் சொன்னார்கள். எண்களைப் பார்த்தால் அப்படித் தெரியவில்லை. யாரிடமிருந்து வாங்கினோம் என்று தெரியாமலே துணிச்சலை வாங்கிக்கொள்கிறோம்.

குணமும் அப்படித்தான் வந்து சேர்கிறது. கெட்டதும் அதே வழியாக வரும். திறமைசாலியான ஒருவரை வியந்து வியந்து, அவருடைய திறமை வராமல் அவருடைய சிடுசிடுப்பு மட்டும் வந்து ஒட்டிக்கொண்டவர்களை நான் பார்த்திருக்கிறேன். கொஞ்ச காலம் நானே அப்படி இருந்தேன். மற்றவர்கள் பேசி முடிப்பதற்குள் வெட்டிப் பேசுவேன். அது என் இயல்பு என்றே நினைத்துக்கொண்டிருந்தேன். பழைய நண்பர் ஒருவர்தான், "நீ இப்படிப் பேச மாட்டாயே, இது உன் பாஸ் பேசுகிற மாதிரி இருக்கிறதே" என்றார். பெரிய மனிதர்களையும் முழுசாக விழுங்கக்கூடாது. முள் எடுத்துத்தான் தின்ன வேண்டும்.

அந்த அம்மாவிடம் நான் எதையும் கற்றுக்கொள்ளவில்லை என்றுதான் பல வருடம் நினைத்திருந்தேன். அவரை வணங்கவில்லை, அவர் படத்தைச் சுவரில் ஒட்டவில்லை. அவர் ஓய்வுபெற்ற அன்று எல்லாரையும் போலக் கைகூப்பிவிட்டு வந்தேன். அப்புறம் எனக்கும் அப்படி ஒரு கூட்டம் வந்தது. வேறு இடம், வேறு விஷயம். சொன்னால் எனக்கு நஷ்டம், சொல்லாவிட்டால் வேறு யாருக்கோ நஷ்டம். எழுந்தேன். கை நடுங்கியது. கையிலிருந்த தாளை மேஜைமேல் வைத்து, உள்ளங்கைகளால் அழுத்திக்கொண்டேன். பேசி முடித்து வீட்டுக்குப் போகிற வழியில்தான் அது யாருடைய கை என்று புரிந்தது.

இன்று இந்த ஒலிப்பதிவு அறைக்குள் வந்ததும், "தாளைக் கையில் வைத்துக்கொள்ளாதீர்கள், மைக்கில் சரசரப்பு விழும்" என்றார்கள். சரி என்று தலையாட்டினேன். தாள் ஏற்கெனவே மேஜைமேல்தான் இருந்தது.

வணக்கம்.