தளும்பாத குடத்தில் மொண்டு குடித்தவர்கள்

பெருமதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, வேலைகளுக்கு நடுவே வந்திருக்கும் தலைமையாசிரியை அம்மா அவர்களே, அருமையாகப் பேசி என் நேரத்திலும் கொஞ்சம் எடுத்துக்கொண்ட பிரெஞ்சுப் பேராசிரியர் ஐயா அவர்களே, மைக் தம்பி, கதவோரம் தயாராக உட்கார்ந்திருக்கும் நண்பர்களே, வணக்கம். சால்வைக்கு நன்றி. அடுத்த முறை அந்தக் காசைத் திரையிடலுக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

பிரெஞ்சு நடிகை ட்சில்லா ஷெல்தோனைப் பற்றி மேடை, சினிமா, தொலைக்காட்சி என்று மூன்றாகப் பிரித்துப் பேசுவதாகச் சொல்லியிருந்தேன். நிறைகுடம் தளும்பாது என்பார்கள். இந்த அம்மா அப்படி ஒருவர். 1919இல் ஜெருசலேமில் பிறந்து, பெல்ஜியத்தில் வளர்ந்து, பாரிஸ் மேடைக்கு வந்தவர்.

1952இல், பிரெஞ்சில் நாடகம் எழுதிய இயோனெஸ்கோவின் 'நாற்காலிகள்' நாடகம் முதன்முதலாக அரங்கேறியது. தொண்ணூறைத் தாண்டிய கிழவனும் கிழவியும் விருந்தாளிகளை வரவேற்கிறார்கள். விருந்தாளி யாரும் நம் கண்ணுக்குத் தெரிய மாட்டார்கள். அழைப்புமணி அடிக்கும், கிழவி ஓடுவாள், ஒரு நாற்காலி கொண்டுவருவாள். மறுபடி மணி, மறுபடி நாற்காலி. போகப் போக மூச்சு வாங்க வாங்க ஓட்டம். கடைசியில் மேடை முழுக்க நாற்காலி, உட்கார ஆள் இல்லை! அந்தக் கிழவி ஷெல்தோன்தான். அப்போது அவருக்கு வயது முப்பத்திரண்டு! சரி, கூட்டம் வந்ததா என்றால், அதுவும் இல்லை. மேடையிலும் காலி நாற்காலி, அரங்கத்திலும் காலி நாற்காலி. நம் அமைப்பாளர் இதைக் கேட்டு ஆறுதல் அடையலாம். 1956இல் ழாக் மோக்ளேர் இயக்கத்தில் மறுபடி போட்டபோதுதான் நாடகம் நிலைத்தது. அதன் பிறகு பல ஆண்டுகள் அந்த அம்மா அதே நாற்காலிகளைத் தூக்கினார். கிழவி வேடத்துக்கு வயது வந்து சேர்ந்தது அப்புறம்தான்.

சினிமா என்றால் 1990இல் வந்த 'தாத்தி தனியேல்'. எத்தியேன் ஷத்திலியே இயக்கியது. சொந்தக்காரர்களைப் படாத பாடு படுத்தும் கிழவி. வீட்டுச் சின்னப் பையனைப் பூங்காவில் விட்டுவிட்டு வருகிற அளவுக்குப் பொல்லாதவள். இறந்துபோன புருஷனின் படத்தோடு மட்டும் குழைந்து பேசுவாள். எழுபது வயதில் முதன்மை வேடம், பிரெஞ்சு சினிமாவின் பெரிய விருதான சேசர் விருதுக்குப் பரிந்துரை. 2008இல் யெஷிம் உஸ்தாவோலுவின் துருக்கியப் படத்தில், வசனங்களைத் துருக்கிய மொழியிலேயே கற்று, நினைவு தப்பிய தாயாக நடித்தார். ஸ்பெயினின் சான் செபாஸ்தியான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருதை இன்னொருவரோடு பகிர்ந்துகொண்டார். அப்போது வயது எண்பத்தொன்பது. நிறைகுடம் தளும்பாதுதான். அதற்காக ஊரார் எழுபது வயது வரை எட்டிப் பார்க்காமல் இருக்கலாமா?

எட்டிப் பார்த்தவர்கள் சிலர் உண்டு. நான் இங்கே வந்ததே அவர்களைச் சொல்லத்தான். பாரிஸை ஒட்டிய நுய்யியில் பாஸ்தர் பள்ளியில் ஒன்றாகப் படித்த பையன்கள், மிஷேல் பிளான், ஜெரார் ஜூன்யோ, கிறிஸ்தியான் க்லாவியே, தியெரி லெர்மித், இந்த அம்மாவிடம் நடிப்பு கற்றார்கள். ஸ்ப்ளாந்தித் என்று நாடகக் குழு ஆரம்பித்தார்கள். பிரெஞ்சு நகைச்சுவையே அவர்கள் கைக்குப் போனது. குடம் தளும்பவில்லை, மொண்டு குடித்தவர்கள் ஊர் முழுக்கத் தெளித்துவிட்டார்கள்.

தலைமையாசிரியை அம்மா, உங்களைப் பார்த்துத்தான் சொல்கிறேன். நம் பள்ளிகளில் நாடகம் என்றால் ஆண்டு விழாவுக்குப் பத்து நாள் முன்பு கணக்கு வாத்தியாரைப் பிடித்து வசனம் சொல்லித் தரச் சொல்வது. வாரத்தில் ஒரு பாடவேளை போதும். சம்பளம் கொடுத்து ஒரு நாடக ஆசிரியரை வையுங்கள். "அதற்கெல்லாம் நிதி எங்கே?" என்று போன கூட்டத்தில் ஒருவர் கேட்டார். இந்தச் சால்வைகளிலிருந்து ஆரம்பிக்கலாம்.

தொலைக்காட்சி பாக்கி இருக்கிறது. தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார், அதனால் விட்டுவிடுகிறேன். அந்த அம்மா 2012இல் பிரஸ்ஸல்ஸில் காலமானார். பள்ளிக்கு நாடக ஆசிரியர் வேண்டும் என்று வாசலில் மேசை போட்டு மனு வைத்திருக்கிறோம். கையெழுத்துப் போட்டுவிட்டுத் தேநீர் குடிக்கப் போங்கள். பேனா கட்டித்தான் இருக்கிறது, இழுக்காதீர்கள். வணக்கம்.