குரலுக்கு அடியில் ஓடும் இசை

நேயர்களுக்கு வணக்கம்.

ஜார்ஜ் ஃபென்டன் என்ற பெயரை உங்களில் பலர் கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள். ஆனால் அவருடைய இசையைக் கேட்டிருக்கலாம். பிபிசியின் ‘தி புளூ பிளானட்’, ‘பிளானட் எர்த்’ என்ற இயற்கை ஆவணப்படத் தொடர்களைப் பார்த்தவர்களுக்கு, வர்ணனையாளர் டேவிட் அட்டன்பரோவின் குரல் மறந்திருக்காது. அந்தக் குரலுக்கு அடியில் ஓடிய இசை ஃபென்டனுடையது.

1949ல் லண்டனில் பிறந்தவர். தொடக்கத்தில் இவர் நடிகர். 1968ல் ஆலன் பென்னட்டின் நாடகம் ஒன்றில் பள்ளி மாணவனாக மேடையேறினார். அப்புறம் இசைப் பக்கம் வந்து, 1974ல் ராயல் ஷேக்ஸ்பியர் நிறுவனத்தின் நாடகத்துக்கு இசையமைத்தார். ஆவணப்பட இசைக்கான பயிற்சியே இவருக்கு நாடக மேடையில்தான் கிடைத்தது என்பது என் எண்ணம். மேடையில் நடிகர் வாய் திறந்தால் வாத்தியம் ஒதுங்கிக்கொள்ள வேண்டும். அவர் மூச்சு வாங்கும் இடத்தில் திரும்பி வர வேண்டும். பேசுகிறவரை இப்படிக் கூர்ந்து கேட்கும் பழக்கம் எல்லா இசையமைப்பாளருக்கும் வந்துவிடாது.

பிறகு தொலைக்காட்சி. பிபிசி செய்திகளின் முகப்பு இசையைக்கூட இவர் எழுதியிருக்கிறார். 1982ல் ‘காந்தி’ படத்துக்குப் பண்டிட் ரவிசங்கரோடு சேர்ந்து இசையமைத்து, இருவரும் ஆஸ்கர் பரிந்துரை பெற்றார்கள். அந்தப் படத்தை இயக்கியவர் ரிச்சர்ட் அட்டன்பரோ. அவருடைய தம்பிதான் டேவிட். அண்ணனின் படத்துக்கு எட்டு ஆண்டுகள் கழித்து, 1990ல் தம்பியின் ‘தி டிரயல்ஸ் ஆஃப் லைஃப்’ தொடருக்கும் ஃபென்டனே இசையமைத்தார். அங்கிருந்து 2001ல் ‘தி புளூ பிளானட்’, 2006ல் ‘பிளானட் எர்த்’, 2011ல் ‘ஃப்ரோசன் பிளானட்’ என்று இருபது ஆண்டுகளுக்கு மேல் இந்தப் பயணம் நீண்டது. பிரிட்டனின் பாஃப்டா, அமெரிக்காவின் எம்மி விருதுகளும் வந்தன.

சரி, இந்த வேலையில் அப்படி என்ன கஷ்டம்? ஆழ்கடலில் எடுக்கும் காட்சிக்குப் பெரும்பாலும் கூடவே பதிவான ஒலி இருக்காது. வெகு தொலைவிலிருந்து படமெடுக்கும்போதும் அப்படித்தான். விலங்கின் காலடி ஓசை கேமரா நிற்கும் இடத்துக்கு எட்டாது. ஆகவே படத்தொகுப்பு முடிந்து கைக்கு வரும் காட்சி ஏறக்குறைய ஊமையாக இருக்கும். அந்த மௌனத்தை முழுக்க இசையால் நிரப்பிவிடக் கை பரபரக்கும். அதற்கு இடம் கொடுத்தால் படம் கெட்டது. மேலே வர்ணனை வரப்போகிறது. செல்லோ என்ற தந்தி வாத்தியமும் ஹார்ன் என்ற ஊது வாத்தியமும் ஆண்குரல் ஒலிக்கும் அதே இடத்தில்தான் ஒலிப்பவை. அவற்றை அங்கே அடர்த்தியாக எழுதினால் சொல் அமுங்கிப்போகும்.

இன்னொரு சிக்கல் எனக்கு இதைவிடப் பெரிதாகத் தோன்றுகிறது. ‘பிளானட் எர்த்’ தொடரில், பாகிஸ்தான் மலைகளில் ஒரு பனிச்சிறுத்தை காட்டாட்டைத் துரத்தும். இசை யார் பக்கம் நிற்க வேண்டும்? சிறுத்தை வரும்போது வில்லன் வருவதுபோல முழங்கினால் பார்க்கிறவருக்கு அதன்மேல் வெறுப்பு வரும். அதுவோ குட்டிக்கு இரை தேட வந்த தாய். ஆட்டுக்கும் உயிர் வெல்லம். வர்ணனையாளர் நியாயம் மாறாமல் பேசலாம். அடியில் நாலு சுரம் தப்பாக விழுந்தால் போதும், அந்த நியாயம் போய்விடும். எங்கே இசையை நிறுத்த வேண்டும் என்ற முடிவும் இங்கேதான் வருகிறது. என்னைக் கேட்டால், இசையமைப்பாளரின் மனசாட்சி வேலை செய்யும் இடம் இது.

‘தி புளூ பிளானட்’ காட்சிகளிலிருந்து 2003ல் ‘டீப் புளூ’ என்ற திரைப்படம் உருவானது. அதற்கு ஜெர்மனியின் பெர்லின் பில்ஹார்மோனிக் இசைக்குழு வாசிக்க, ஃபென்டனே நடத்தினார். ‘தி புளூ பிளானட்’ இசை கச்சேரி மேடைக்கும் வந்தது. பின்னால் பெரிய திரையில் திமிங்கிலங்கள் நீந்த, முன்னால் முழு வாத்தியக்குழு. காட்சி ஓடும்போது வர்ணனை கிடையாது. அத்தனை காலம் ஒரு குரலுக்கு வழிவிட்டு எழுதிய இசையை, அந்தக் குரல் இல்லாமல் மக்கள் அரங்கில் உட்கார்ந்து கேட்டார்கள்.

நன்றி, வணக்கம்.