வ்லாக்கில் வரும் நண்பன், வீட்டுக்கு வரும் நண்பன்

வணக்கம் மக்களே. "உங்க வீடியோவில் வரும் அந்தக் காமெடி நண்பர் எங்கே?" என்று நிறைய பேர் கேட்டுவிட்டீர்கள். அவன் நன்றாக இருக்கிறான். இப்போதும் அடிக்கடி சந்திக்கிறோம், கேமரா இல்லாமல். ஏன் என்று சொல்கிறேன்.

தினமும் ஷூட் செய்பவர்களுக்கு எடிட்டிங் டேபிளில் ஒன்று நடக்கும். மணிக்கணக்கில் பேசியதில் பத்து நிமிடம்தான் வீடியோவில் வரும். அவன் யோசித்து நிறுத்திய இடம், சும்மா உட்கார்ந்திருந்த நேரம் எல்லாவற்றையும், நீங்கள் பாதியில் போய்விடக் கூடாதே என்று வெட்டிவிடுவோம். மிஞ்சுவது அவன் அடித்த நாலு ஜோக். அடுத்த முறையும் கை அதையே தேடும். கொஞ்ச நாளில் அவன் காமெடி பீஸ், இன்னொருவன் சாப்பாட்டு ராமன் என்று ஆகிவிடும். பார்க்கிற உங்களுக்கு மட்டுமில்லை, கூடவே வளர்ந்த எங்களுக்கும் அப்படியே பதிந்துவிடுகிறது. வீட்டில் யாருக்காவது உடம்பு சரியில்லாத நாளிலும், கேமராவைப் பார்த்ததும் அவன் சிரிக்க வைத்தாக வேண்டும். எனக்கு இது கொடுமையாகப் படுகிறது.

அப்புறம், தெரியாத ஆள் படம் எடுத்தால் முகத்தைத் திருப்பிக்கொள்ளலாம். எடுப்பது நண்பன், அதுதான் அவன் பிழைப்பு என்றால் 'வேண்டாம்' என்று சொல்ல வாய் வராது. அமெரிக்க யூட்யூபர் டேவிட் டோப்ரிக்கின் வீடியோக்கள் முழுக்க அவருடைய நண்பர் கூட்டத்தை வைத்துத்தான் ஓடின. 2020இல் யூட்டா மாநிலத்தில் ஓர் ஏரியில், டோப்ரிக் இயக்கிய பொக்லைனில் கட்டிய கயிற்றைப் பிடித்துச் சுழன்றார் நண்பர் ஜெஃப் விட்டெக். அந்த எந்திரத்திலேயே மோதி மண்டையோடும் கண்ணும் படுகாயமடைந்தன. பிறகு விஷயம் நீதிமன்றம் வரை போனது. எல்லா நட்பும் அங்கே போய் நிற்காது, சரி. ஆனால் கேமரா இல்லாத ஒரு மாலையில் அந்தக் கயிறு அங்கே தொங்கியிருக்குமா என்று யோசித்துப் பாருங்கள்.

அதனால் இந்தச் சேனலில் இப்போது நடைமுறை இதுதான். கேமராவை வெளியே எடுப்பதற்கு முன்பே கேட்போம். ஓடிக்கொண்டிருக்கும்போது கேட்டால் யாரும் மறுக்க மாட்டார்கள். அப்லோடுக்கு முன்னால் அதில் வருபவர் முழுதாகப் பார்ப்பார். அவர் ஓர் இடத்தை எடுக்கச் சொன்னால் காரணம் கேட்பதில்லை. அந்த வாரம் வீடியோ சின்னதாக வந்தால் வரட்டும்.